அர்த்தநாரியின் வாயில் கிடந்த சாட்சியம்

2010ஆம் ஆண்டு ஆடி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, மாலை ஆறரை மணித் தொடரில் மாமியாராக நடித்தவள் தன் மருமகளைப் பார்த்து, "உன்ற வாயில வசம்ப வெச்சுத் தேய்க்க" என்று சொல்லி முடித்த அதே நொடியில், இலந்தக்காட்டுக் காளியாத்தாளின் வாயிலிருந்து அந்த வசவு போய்விட்டது. அவள் அப்போது தன் வேலியோரம் நின்றுகொண்டு, வெள்ளாட்டை வெண்டைக்காட்டுக்குள் விட்டவனை அதே வசவால் வெளுத்து வாங்கிக்கொண்டிருந்தாள். 'உன்ற வாயில' வரைக்கும் வந்தது, அதற்குப் பிறகு காற்றுதான் வந்தது. மறுநாள் திருச்செங்கோட்டில் ஒரு டாக்டர் அவள் தொண்டைக்குள் டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு, எல்லாம் சுத்தமாக இருக்கிறது, உப்புத் தண்ணீரில் கொப்பளித்தால் போதும் என்றார். கொப்பளித்தாள். அவளிடம் இருந்த மற்ற வசவுகள் வழக்கம்போல் வந்தன, அது ஒன்று மட்டும் வரவில்லை. அந்தத் தொடருக்கு வசனம் எழுதியவன் அதே ஊர்க்காரன் அர்த்தநாரி. சித்திரை நோன்பித் திருவிழாவின்போது பஸ் நிறுத்தத்தில் மணியனின் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து அவன் காளியாத்தாளின் சண்டையைக் கேட்டுக்கொண்டிருந்தான் என்பது பிற்பாடுதான் எல்லோருக்கும் நினைவு வந்தது.

மூன்றாவது ஆள் பறிகொடுத்த பிறகுதான் ஊருக்குக் கணக்குப் புரிந்தது. எட்டாம் வகுப்பு வாத்தியார் குமாரசாமி, இன்ஸ்பெக்டர் வந்த அன்று பள்ளிக்கூடத்துக்குள் ஆடு புகுந்த கதையை இருபத்திரண்டு வருடமாக ஒவ்வொரு வகுப்புக்கும் சொல்லிச் சிரிக்க வைத்தவர். அந்தக் கதை ஒரு படத்தில் நகைச்சுவைக் காட்சியாக வந்து திருச்செங்கோட்டுத் தியேட்டர் குலுங்கிய அதே நேரத்தில், அவர் வகுப்பறையில் பாதிக் கதையோடு நின்றுபோனார். எழுதிக் காட்டலாம் என்று கரும்பலகைக்குப் போனால் சாக்பீஸ் தேய்ந்ததே ஒழிய எழுத்து விழவில்லை. சுற்றி வளைத்துச் சொன்னாலும் அந்த இடம் வந்ததும் நாக்கு நின்றுவிடும். பஸ்ஸின் கடைசி சீட்டில் அபிநயாவிடம் சொல்வதற்காகக் கௌசிக் என்ற கல்லூரிப் பையன் ஒரு மாதமாக முணுமுணுத்துப் பழகிய நாலு வரிகளை, அடுத்த தீபாவளிக்கு ஒரு கதாநாயகன் மழையில் நனைந்துகொண்டே சொன்னான். கௌசிக் அபிநயாவின் எதிரில் மூன்று தடவை போய் நின்று மூன்று தடவையும் வாயைத் திறந்து மூடினான், அவளைப் பெருந்துறைக்குக் கட்டிக்கொடுத்துவிட்டார்கள். அம்மன் கோயிலில் முப்பது வருடமாக ஒரே வேண்டுதலைச் சொல்லிவந்த சின்னாயி, அது ஒரு பக்தித் தொடரில் வந்த நாளிலிருந்து, கோயிலுக்குப் போய்ச் சும்மா நின்றுவிட்டு வருகிறாள்.

இப்படியாக அர்த்தநாரி பன்னிரண்டு வருடத்தில் மூன்று நெடுந்தொடர், ஏழு படத்துக்கு நகைச்சுவைப் பகுதி, இரண்டு பேய்ப்படம், ஒரு காதல் படம், ஒரு பக்தித் தொடர், லாரிக்காரர்களைப் பற்றி ஒரு இணையத் தொடர் எல்லாவற்றையும் எழுதித் தள்ளினான். சென்னையில் அவனைப் பன்முக எழுத்தாளர் என்று பத்திரிகையில் போட்டார்கள். அந்த முகங்கள் யார் யாருடையவை என்பதை இலந்தக்காட்டில் வீடு வீடாகக் காட்ட முடியும். அவன் வேலை செய்யும் விதமும் ஊருக்கு அத்துப்படி. மாதத்தில் ஒரு வாரம் வருவான், மணியன் கடை பெஞ்சில் சுவரோரம் உட்காருவான், ஒரு டீயை ஒரு மணி நேரம் குடிப்பான். காகிதம் கிடையாது, பேனா கிடையாது, கண் பாதி மூடியிருக்கும். கேட்டால், "நான் எங்கீங்க எடுத்தேன், காத்துல வந்துச்சு" என்பான். முகத்தில் வெட்கம் என்பது மருந்துக்கும் இருக்காது.

ஊர் தன்னால் ஆனதைச் செய்தது. அவன் பஸ்ஸை விட்டு இறங்கினால் பேசிக்கொண்டிருந்தவர்கள் பாதிப் பேச்சில் நிறுத்திவிட்டுக் கிழக்கே பார்ப்பார்கள். கல்யாணத்துக்குப் பத்திரிகை வைக்காமல் இருக்க முடியாது, பங்காளி முறை. ஆகவே பத்திரிகை வைத்து, மண்டபத்தில் ஜெனரேட்டருக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார வைத்தார்கள். எழவு வீட்டில் அவன் தலை தெரிந்தால் அழுகிற பெண்கள் வாயில் முந்தானையை வைத்துக்கொண்டு மூக்கால் அழுதார்கள். ஆனால் ஊர் என்றால் ஒரே புத்தியா இருக்கும்? கொஞ்ச நாளில் அவனை வைத்து அடுத்தவனை அடிக்கலாம் என்று கண்டுபிடித்தார்கள். மாமியாரின் குத்தல் பேச்சு பொறுக்காத மருமகள்கள், ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்று கூட்டிவந்து, டீக்கடை பெஞ்சுக்கு எதிரில் நிறுத்தி, வேண்டுமென்றே வாயைக் கிளறிவிட்டார்கள். இரண்டு மாதத்தில் அந்தக் குத்தல் தொலைக்காட்சியில் வந்துவிடும், வீடு அமைதியாகிவிடும். இந்த வழி எல்லோருக்கும் தெரிந்திருந்தது, ஆழ்துளைக் கிணறு போடுகிற ரிக் வண்டி முதலாளி குணசீலனுக்கும் தெரிந்திருந்தது.

குணசீலனுக்குத் திருச்செங்கோட்டில் பதினோரு ரிக் வண்டிகள். அதில் ஒன்றில் போர் ஓட்டிய மாதேஷ் இலந்தக்காட்டு மாப்பிள்ளை, மைதிலியின் புருஷன். 2021 பங்குனியில் ஆட்டையாம்பட்டிப் பக்கம் ஒரு தென்னந்தோப்பில் போர் போடும்போது அவன் செத்துப்போனான். போதையில் வண்டி மேலிருந்து விழுந்துவிட்டான் என்று குணசீலன் போலீசில் எழுதிக்கொடுத்தான். கூட வேலை செய்த வடநாட்டுப் பையன்கள் மூன்று பேரையும் மறுநாள் காலையிலேயே சேலத்தில் ரயிலேற்றி அனுப்பிவிட்டான். மாதேஷ் பழனிக்குக் காவடி எடுக்க மாலை போட்டு அன்றைக்கு ஒன்பதாவது நாள். மாலை போட்டவன் குடித்திருந்தான் என்று எழுதியதைத்தான் ஊரால் பொறுக்க முடியவில்லை. நடந்ததைக் கண்ணால் பார்த்தவர்களில் இங்கே மிஞ்சியது மைதிலி ஒருத்திதான், போசிப் பாத்திரத்தில் விரதச் சோறு கொண்டுபோயிருந்தாள். வழக்குப் போட்டார்கள். பள்ளிபாளையத்தில் தறி ஓட்டிக்கொண்டு, நாலு வயதுப் பெண் கனிஷ்காவை வைத்துக்கொண்டு, அந்த ஒரு சாட்சியத்தை மைதிலி தினமும் மனசுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்து வைத்திருந்தாள். அவளிடம் இருந்தது அது ஒன்றுதான்.

அங்கேதான் ஊர் ஒரு தப்புச் செய்தது, வேறு எந்த ஊராக இருந்தாலும் இந்தத் தப்பைச் செய்திருக்காது. குணசீலன் பாதிப் பேருக்குச் சொந்தக்காரன். அவனுக்கு எதிராக நிற்பதென்றால் மைதிலி முதலில் திருச்செங்கோட்டு மலையில் அறுபதாம் படியில் சூடம் ஏற்றிச் சத்தியம் செய்து சொல்ல வேண்டும் என்றார்கள் பெரியவர்கள். அந்தப் படியில் பொய் சொன்னவன் குடும்பம் விளங்காது என்பது அந்தப் பக்கத்தில் கோர்ட்டு தீர்ப்புக்கும் மேலே. மைதிலியின் வக்கீல், ஆட்டையாம்பட்டிக்காரி பிரீத்தி, தலையில் அடித்துக்கொண்டாள். "சொல்ல வேண்டிய எடத்துல சொன்னாப் போதுங்க, நாப்பது பேரு முன்னால என்னத்துக்குங்க?" என்றாள். யார் கேட்டார்கள்? 2022 வைகாசியில் இரண்டு வேன் பிடித்துக்கொண்டு போனார்கள். மைதிலி படியில் சூடத்தை ஏற்றி, கையை நீட்டி, ஆரம்பித்தாள். "மணி ரெண்டே காலு இருக்குமுங்க. நான் சோத்துப் போசியோட போயி நின்னனுங்க. காத்து ஓசு கிழிஞ்சிருக்குது, டியூப்பச் சுத்திக் கட்டி வெச்சிருக்குதுன்னு அவரு இஞ்சின நிறுத்திப்போட்டாருங்க. மொதலாளி கார்ல வந்தாருங்க. ஆயிரத்து நூறு அடி போயாச்சு, இன்னும் நாலு ராடு, ஓட்டுறா அப்படின்னாருங்க. எம் புருசன் மாட்டேன்னு சொன்னாருங்க. மொதலாளியே ஏறி, அவரு கையாலயே இஞ்சினப் போட்டாருங்க." காற்றழுத்தக் குழாயான அந்த ஓஸ் வெடித்து மாதேஷின் நெஞ்சில் அடித்தது, அவனைத் தூக்குவதற்கு முன்னால் குணசீலன் ஓஸை மாற்றச் சொன்னது, அதற்குள் மாதேஷ் தண்ணீர் கேட்டது, கேட்டுக்கொண்டே போனது, எல்லாவற்றையும் ஒன்பது நிமிடத்தில் சொல்லிச் சூடத்தை அணைத்தாள். நாற்பது பேரும் அழுதார்கள். எங்கே போனாலும் முதலில் அர்த்தநாரி இருக்கிறானா என்று பார்க்கிற ஊர், அன்றைக்கு எரிகிற சூடத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தது. அவன் தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு, கையில் தேங்காய்த் தட்டோடு, இரண்டு படி கீழே நின்றிருந்தான். அவனைக் கூட்டிவந்த குணசீலனின் கார் அடிவாரத்தில் நின்றது.

அர்த்தநாரி அதற்கு வாங்கிய கூலி ஒரு படம். பன்னிரண்டு வருடமாக அவன் பெயர் திரையில் சின்ன எழுத்தில் ஓடி மறைந்ததே தவிர, ஒரு போஸ்டரில் நின்றதில்லை. கதை, திரைக்கதை, வசனம், இயக்கம் எல்லாம் நீயே என்று குணசீலன் சொன்னான். ஒரே ஒரு காட்சி மட்டும் நான் சொல்கிறபடி இருக்க வேண்டும் என்றும் சொன்னான். எந்தக் காட்சி என்று அர்த்தநாரிக்கு விளங்காமல் இல்லை, அவன் ஒன்றும் பச்சைக் குழந்தை இல்லை. பாவம், ஆசை கண்ணை மறைத்தது என்று அவனுக்காகப் பரிந்து பேச இலந்தக்காட்டில் இன்றுவரை ஒரு ஆள் கிடைக்கவில்லை. படத்துக்கு, அன்றைக்கு இறக்காமல் விட்ட துளைக் கம்பிகளை வைத்து, 'நாலு ராடு' என்று பெயர். மைதிலியின் சாட்சியத்தை ஒரு சொல் பிசகாமல் எழுதி, பஸ் ஸ்டாண்டில் திரிகிற ஒரு பைத்தியக்காரி வேடத்துக்குக் கொடுத்தான். அவள் அதைச் சொல்லச் சொல்ல, கதாநாயகனின் நண்பர்கள் இருவர் வடை தின்றுகொண்டே சிரிப்பார்கள்.

கோர்ட்டில் மைதிலியை விசாரிக்கக் குறித்த தேதிக்கு மூன்று வாரம் முன்னால், 2023 தை மாதத்தில் ஒரு வெள்ளிக்கிழமை, படம் வெளியானது. முதல் காட்சி பதினோரு மணிக்கு. பள்ளிபாளையம் தறிக்குடோனில் மைதிலி அறுந்த நூலை முடிந்துகொண்டே வழக்கம்போல் மனசுக்குள் சொல்லிக்கொண்டிருந்தாள். பன்னிரண்டே கால் மணிக்கு 'மணி ரெண்டே காலு' என்ற இடத்தில் அது போய்விட்டது. அவள் தறியை நிறுத்தினாள். திரும்பச் சொல்லிப் பார்த்தாள். என்ன நடந்தது என்று அவள் யாரையும் கேட்கவில்லை, இலந்தக்காட்டில் பிறந்தவளுக்குக் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை. தோப்பு கண் முன்னால் இருந்தது, குணசீலனின் வெள்ளைச் சட்டை இருந்தது, புருஷனின் முகம் இருந்தது. சொல்வதற்குத்தான் வாய் இல்லை. ஊர்க்காரர்கள் போஸ்டரைக் கிழித்தார்கள், சாணி அடித்தார்கள், தியேட்டருக்கு முன்னால் உட்கார்ந்தார்கள். நாலாவது நாள் படத்தைத் தூக்கினார்கள், தமிழ்நாட்டில் வேறெங்கும் அது அதுவரைகூட ஓடவில்லை. ஆனால் போன சொல் போனதுதான்.

சேலம் கோர்ட்டில் கூண்டில் ஏறி, பெயர், வயது, புருஷன் பெயர் எல்லாவற்றையும் மைதிலி கணீரென்று சொன்னாள். அன்றைக்கு என்ன நடந்தது என்று கேட்டதும் வாயைத் திறந்தபடி நின்றாள். கால் மணி நேரம் நின்றாள். சாட்சிக்குச் சொல்வதற்கு எதுவும் இல்லை என்று குணசீலனின் வக்கீல் உட்கார்ந்தபடியே சொன்னார். நீதிபதி ஒரு வாய்தா கொடுத்தார், அடுத்த தடவையும் இப்படியென்றால் வழக்கை முடித்துவிட வேண்டியதுதான் என்றார்.

அடுத்த நாள் காலை ஷிப்டுக்குப் போகும் வழியில் மைதிலி, படம் ஓடாமல் ஊரில் வந்து கிடந்த அர்த்தநாரியின் வீட்டு வாசலில் போய் நின்றாள். அவன் பல் துலக்கிக்கொண்டிருந்தான். அவள் சத்தம் போடவில்லை.

"ஏனுங்ண்ணா, எம் புருசன் செத்தது உங்க வாயில கெடக்குதுங்க. துப்புங்க."

"நான் என்ன அம்மிணி பண்ணேன்? அது கதை. காத்துல வந்துச்சு."

"காத்துல வரலீங்க. நான் சூடம் ஏத்திச் சொன்னனுங்க. துப்புங்க."

அவன் வாயைக் கொப்பளித்துத் துப்பினான், நுரைதான் விழுந்தது. நாற்பத்தொரு நாள் காலையில் வந்து அதே வார்த்தையைச் சொல்லிவிட்டுப் போனாள். அவள் வந்து நிற்கிற நேரம் பார்த்து, மணியன் உட்படத் தெருவில் இருந்த எல்லோரும் வெளியே வந்து அர்த்தநாரியைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். நாற்பத்திரண்டாம் நாள் அவன் வீட்டைப் பூட்டிக்கொண்டு குணசீலனின் குடோனுக்குக் குடிபோனான்.

பிரீத்திதான் வழி கண்டுபிடித்தாள். களவு போன பொருள் யாரிடம் இருக்கிறதோ அவனைத்தான் கூப்பிட வேண்டும் என்று சொல்லி, அறுபதாம் படியில் கேட்ட சாட்சியென்று அர்த்தநாரிக்குச் சம்மன் அனுப்ப வைத்தாள். குணசீலன் கவலைப்படவில்லை. கோர்ட்டில் போய், அந்தப் பெண் படியில் ஒன்றுமே சொல்லவில்லை, படத்தில் வந்ததெல்லாம் என் கற்பனை என்று சொல்லிவிடு, அடுத்த படமும் உனக்குத்தான் என்றான். அந்த ஒரு வரியை அர்த்தநாரி தானே எழுதினான். நாலு நாள் ஆயிற்று, பதினேழு தடவை அடித்துத் திருத்தினான். அவன் பிழைப்பில் சொந்தமாக எழுதிய முதல் வரி அதுதான், அதுவும் பொய்.

சாட்சி சொல்ல வந்த அன்று சலவைச் சட்டை போட்டிருந்தான். கூண்டில் ஏறி, எதிரில் குணசீலனைப் பார்த்துத் தலையசைத்து, அந்த வரியைச் சொல்ல வாயைத் திறந்தான். "மணி ரெண்டே காலு இருக்குமுங்க" என்றது மைதிலியின் குரல். அவன் வாயை மூடினான், திரும்பவும் திறந்தான். "நான் சோத்துப் போசியோட போயி நின்னனுங்க" என்றது. பிறகு அவனால் நிறுத்த முடியவில்லை. அவன் கைகள் கூண்டுக் கம்பியை இறுகப் பிடித்துக்கொண்டிருந்தன, கண்கள் பிதுங்கின, வாய் தன்பாட்டுக்கு வேலை செய்தது. அவள் படியில் நின்று விசும்பிய இடங்களில் விசும்பியது, இருமிய இடத்தில் இருமியது. பின்வரிசையில் மைதிலி எழுந்து நின்றுவிட்டாள். அவள் உதடுகள் சத்தமில்லாமல் அதே சொற்களுக்கு அசைந்துகொண்டிருந்தன. அவன் நாலு நாள் செதுக்கிய வரி எங்கே போயிற்று என்று தெரியவில்லை. ஊரான் சொற்களையே போட்டு நிரப்பி வைத்த வாயில் சொந்தச் சொல்லுக்கு எங்கே இடம் இருக்கும்?

ஒன்பது நிமிடம் முடிந்ததும் குணசீலனின் வக்கீல் எழுந்து, இது இந்தச் சாட்சியின் குரலே இல்லை, ஏற்கக் கூடாது என்று ஆட்சேபித்தார். அப்படியானால் யாருடைய குரல் என்று நீதிபதி கேட்டார். வக்கீல் குணசீலனைப் பார்த்தார், பின்வரிசையைப் பார்த்தார். மைதிலியினுடையது என்று சொல்ல வேண்டியதாயிற்று. "அப்ப இது மைதிலியோட சாட்சியம். அப்படியே டைப் பண்ணுங்க" என்றார் நீதிபதி. டைப் அடிக்கிற அம்மாள் ஏற்கனவே அப்படித்தான் அடித்து வைத்திருந்தார். குறுக்கு விசாரணையில் ஓஸின் நிறம் என்ன, இஞ்சினைப் போட்டது எந்தக் கை என்று வக்கீல் ஒரு மணி நேரம் மடக்கிப் பார்த்தார். அர்த்தநாரியின் வாயிலிருந்து மைதிலி ஒவ்வொன்றுக்கும் பதில் சொன்னாள், ஒரு இடத்திலும் பிசகவில்லை. மாலையும் வேட்டியுமாக மாதேஷை இறக்கி வைத்த ஆம்புலன்ஸ்காரரின் வாக்குமூலமும் சேர்ந்துகொண்டது. 2024 ஆவணியில் குணசீலனுக்கு இரண்டு வருடச் சிறை என்று தீர்ப்பானது. மாதேஷ் குடித்திருக்கவில்லை என்றும் தீர்ப்பில் தனியாக ஒரு வரி இருந்தது. அந்த வரியை ஊரில் நகலெடுத்துக் கோயில் சுவரில் ஒட்டினார்கள்.

சாட்சியம் மட்டும் மைதிலிக்குத் திரும்பவில்லை, அது அர்த்தநாரியிடமே தங்கிவிட்டது. அதுவும் எப்படியென்றால், அதைத் தவிர வேறொன்றும் அவன் வாயில் வருவதில்லை. சென்னையில் இரண்டு கம்பெனிகள் கூப்பிட்டுக் கதை கேட்டன. இரண்டு இடத்திலும் மாதேஷ் செத்ததைத்தான் சொன்னான், பிறகு யாரும் கூப்பிடவில்லை. எழுத உட்கார்ந்தாலும் அதுவேதான். இப்போது அவன் இலந்தக்காட்டோடு வந்துவிட்டான். டீ வேண்டுமென்றால் பெஞ்சில் உட்கார்ந்து வாயைத் திறப்பான், ஒன்பது நிமிடம் சொல்வான். மணியன் முடிகிற வரைக்கும் காத்திருந்து, கிளாஸை அவன் கையில் கொடுக்காமல் பெஞ்சின் மேல் வைப்பான். பக்கத்தில் இருப்பவர்கள் வெங்காய விலை, தறிக்கூலி என்று தங்கள் பேச்சைப் பேசிக்கொண்டிருப்பார்கள். அவன் முன்னால் பேச இப்போது யாருக்கும் பயமில்லை, அவனுக்கு இரக்கப்படவும் யாருக்கும் தோன்றவில்லை.

போன வருடம் பங்குனியில் கனிஷ்காவுக்கு எட்டு வயது. பள்ளிக்கூடத்தில் யாரோ என்னவோ கேட்டிருக்கிறார்கள். அப்பா எப்படிச் செத்தார் என்று அம்மாவிடம் வந்து கேட்டாள். மைதிலி வாயைத் திறந்தாள், மூடினாள். ஊரில் யாரைக் கேட்டாலும் சொல்லியிருப்பார்கள், ஆனால் அது காதால் கேட்டவர்கள் சொல்கிற கதை. அந்தப் படத்தைப் பிள்ளைக்குக் காட்டவும் அவளுக்கு மனம் வரவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் பிள்ளைக்குத் தலை சீவி, பவுடர் போட்டு, மணியன் கடைக்குக் கூட்டிவந்தாள். தீர்ப்புக்குப் பிறகு அவள் அர்த்தநாரியின் எதிரில் வந்தது அன்றைக்குத்தான். பிள்ளையைப் பெஞ்சில் அவனுக்கு நேராக உட்கார வைத்தாள். கடையில் இருந்தவர்கள் பேச்சை நிறுத்தினார்கள், மணியன் அடுப்பை அணைத்தான்.

"சொல்லுங்க" என்றாள் மைதிலி.

அவன் சொன்னான். கனிஷ்கா அவன் முகத்தைப் பார்க்கவில்லை. முதல் வார்த்தையிலேயே அது அம்மாவின் குரல் என்று தெரிந்துகொண்டு, திரும்பிப் பக்கத்தில் நின்ற அம்மாவின் முகத்தையே பார்த்துக் கேட்டாள். மைதிலியின் உதடுகள் அசைந்தன. அப்பா மாட்டேன் என்று சொன்ன இடத்தில் பிள்ளை அம்மாவின் சேலையைப் பிடித்துக்கொண்டாள், தண்ணீர் கேட்ட இடத்தில் முகத்தை அதற்குள் புதைத்துக்கொண்டாள். அந்தப் பக்கம் ஒரு பஸ் வந்து நின்றது, யாரும் ஏறவில்லை, அது போயிற்று.

முடிந்ததும் மைதிலி குனிந்து பிள்ளையின் கண்ணைத் துடைத்துவிட்டாள். "கேட்டுக்கிட்டியா சாமி? உங்கொப்பன் குடிக்கல. மாட்டேன்னு சொன்னாரு. வா, ஊட்டுக்குப் போலாம்" என்றாள். அர்த்தநாரியின் பக்கம் அவள் திரும்பவில்லை. அதற்குப் பிறகு ஒவ்வொரு பங்குனியிலும் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவள் பிள்ளையைக் கூட்டிவருவது என்று ஏற்பாடாகிவிட்டது, அன்றைக்கு மட்டும் மணியன் கடையில் டீ கிடையாது.